கிரேக்கத்துக்காரி கேட்ட கேள்விகள்

அவள் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. எழுதினால், "என் பேரப் போட்டியே, நான் சொன்னதப் பூராவும் போட்டியா?" என்று கேட்டுக்கொண்டு ஆற்றுக்கு அக்கரையில் இருக்கும் கியாக்தானிலிருந்து பஸ் ஏறி வந்துவிடுவாள். எனக்கு அவள் அக்கா. எங்கள் ஆபீஸில் இருந்த பர்மாக்காரர்களுக்கு வாத்து முட்டைக்காரம்மா.

அப்போது நான் யாங்கோன் நகரத்தின் கியாக்டடா பகுதியில், கப்பல்களுக்கு ஆள் அனுப்பும் ஒரு சின்ன ஆபீஸில் வேலை பார்த்தேன். நாலாவது மாடி, லிஃப்ட் கிடையாது. யாங்கோனில் பழைய கட்டடங்களின் மாடிகளிலிருந்து தெருவுக்கு ஒரு கயிறு தொங்கும். கீழே நின்று இழுத்தால் மேலே மணி அடிக்கும். நாம் பையை இறக்கினால் பேப்பர்காரர், கீரைக்காரி எல்லாரும் சாமானைப் போட்டுவிட்டு நடையைக் கட்டுவார்கள். அக்கா மட்டும் அந்தக் கயிற்றைத் தொடமாட்டாள். செவ்வாய்க்கிழமை தோறும் இரண்டு கூடை முட்டையோடு நாலு மாடியும் ஏறி வருவாள்.

"முட்டை திங்கிறவங்க மூஞ்சிய நான் பாக்க வேணாமா?" என்பாள்.

பார்ப்பதோடு விடுவதில்லை. ஒவ்வொரு மேஜையாக நின்று, போன வாரத்து முட்டை எப்படி இருந்தது என்று கேட்பாள். "நல்லா இருந்துச்சுக்கா" என்று சொல்லித் தப்பிக்க முடியாது. மஞ்சள் கரு என்ன நிறம், ஓடு உரிக்க வந்ததா, வாசனை அடித்ததா என்று கேட்டுவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு பதிலுக்குக் காத்திருப்பாள். எங்கள் மேனேஜர் ரிட்டையரான கேப்டன். புயலில் கப்பல் ஓட்டிய மனிதர். அவரே திங்கட்கிழமை இரவு வீட்டில் மஞ்சள் கருவின் நிறத்தைக் கவனித்து வைத்துக்கொள்வார். கேட்பதும், கேட்டதற்குப் பதில் வரும்வரை நிற்பதும்தான் அக்கா. மற்றதெல்லாம் அதன்மேல் வந்து ஒட்டிக்கொண்டவை.

அவளுக்கு நாற்பது தாண்டியிருந்தது. கல்யாணம் ஆகவில்லை. எங்கள் ஜனங்களில் அந்த வயதுப் பெண்ணுக்கு என்று சில வேலைகள் ஒதுக்கி வைத்திருக்கிறோம். தம்பி பிள்ளைகளை வளர்க்கலாம், கோயிலுக்குப் பூக் கட்டலாம், அடுத்தவள் கல்யாணத்தில் சமையற்கட்டைப் பார்த்துக்கொள்ளலாம். தனக்கு ஒரு புருஷன் வேண்டும் என்று மட்டும் வாயைத் திறந்து சொல்லக் கூடாது. அக்கா சொன்னாள். ஆபீஸிலும் சொன்னாள், பஸ் கண்டக்டரிடமும் சொன்னாள், எங்கள் சர்ச் வாசலில் பாதிரியாரிடமும் சொன்னாள். அவள் எங்கள் சபைக்காரியே இல்லை.

"எனக்கு ஒரு மாப்பிள்ளை பாருங்க. சும்மா சொல்றேன்னு நினைக்காதீங்க, நெசமாத்தான் சொல்றேன்."

அவளுடைய அப்பா பத்து வருஷம் படுக்கையில் கிடந்தார். அந்த வருஷங்களில் வந்தவர்கள் எல்லாம் வயலைப் பற்றியும் வாத்துகளைப் பற்றியும் விசாரித்தார்கள். "என்னப் பத்தி ஒருத்தரும் கேக்கல, புள்ள. அதான் இப்போ நானே கேக்குறேன்" என்று ஒருநாள் என்னிடம் சொன்னாள். வருத்தமாகச் சொல்லவில்லை. வாத்துக்குத் தவிடு தீர்ந்துவிட்டது என்பதைச் சொல்வது மாதிரிதான் சொன்னாள்.

பெண் பார்க்க வருவது நமக்குத் தெரியும். அக்கா மாப்பிள்ளை பார்க்கப் போவாள். சொல்லிக்கொண்டு போகமாட்டாள். தரகர் ஒருவர் பெயரைச் சொன்னால், அந்த ஆள் எங்கே வேலை செய்கிறார் என்று மட்டும் கேட்டுக்கொள்வாள். முட்டை விற்றுமுடித்த கூடைகளோடு அங்கே போய் ஒரு ஓரமாக உட்கார்ந்துவிடுவாள். அப்படி ஒருமுறை அலோன் துறைமுகத்தில் ஒரு லாரி டிரைவரைப் பார்க்கப் போனாள். வெயிலில் பாதி நாள் கிடங்கு வாசலில் உட்கார்ந்திருந்தாளாம். மறுவாரம் நான் ஆவலாக விசாரித்தேன்.

"லாரிய நல்லா ஓட்டுறான். பின்னாடி எடுக்கிறப்போ கண்ணாடியில ஒரு தடவ பாத்தான், சரியா கொண்டுபோய் ஒட்டி நிறுத்திட்டான்" என்றாள்.

"அப்போ சரிதானே?"

"மூட்டை தூக்குறவர் ஒருத்தர் கால் இடறி விழுந்தார். இவன் சிரிச்சான். எழுப்பிவிட்டுட்டுச் சிரிச்சிருந்தா நான் ஒண்ணும் சொல்லியிருக்கமாட்டேன்."

இன்னொருவர் மருந்துக் கடையில் இருந்தார். நல்ல மனிதர், அமைதியானவர். அவரிடம் நேராகப் பேசியே விட்டாள். எதைக் கேட்டாலும் அவர் "அம்மா என்ன சொல்லுவாங்கன்னா..." என்று ஆரம்பித்தாராம். அக்கா தலைவலி மாத்திரை ஒரு அட்டை வாங்கிக்கொண்டு திரும்பிவிட்டாள்.

இதையெல்லாம் நான் மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஆபீஸில் நடித்துக் காட்டுவேன். எனக்குக் குரல் மாற்றிப் பேச வரும். அக்கா கேட்கிற மாதிரியே இழுத்து, கடைசிச் சொல்லில் அழுத்தி, கையைக் கட்டிக்கொண்டு நின்றால் கோ மின் மேஜையைத் தட்டிச் சிரிப்பான். அவன் என் பக்கத்து மேஜைக்காரன். மிருகங்கள், பறவைகள், கப்பல் சங்கு எல்லாம் வாயாலேயே செய்வான். இரண்டு பேரும் சேர்ந்தால் ஆபீஸ் ஓடாது.

அந்த வருஷம் லீவில் வந்த ஒரு கப்பல் இன்ஜினியர் பென் டிரைவில் ஒரு கிரேக்க நகைச்சுவை நிகழ்ச்சியைக் கொண்டுவந்தார். எங்கள் ஆட்கள் வேலை செய்யும் கப்பல்களில் பாதி கிரேக்க முதலாளிகளுடையவை. நடுக்கடலில் வேறு என்ன பார்ப்பது, அங்கே ஓடுவதைத்தான் இவர்களும் பார்ப்பார்கள். அது கல்யாணம் முடித்துவைக்கிற டிவி நிகழ்ச்சிகளைக் கிண்டல் செய்து எடுத்தது. மலைக் கிராமத்தில் ஒருத்தி மாப்பிள்ளை தேடுகிறாள். பெண் வேஷம் போட்ட ஆண். தலையில் துணி, சேர்ந்து வளர்ந்த புருவம், கையில் பால் வாளி. பட்டணத்து ஆண்கள் ஒவ்வொருவராக அவளைப் பார்க்க வருகிறார்கள். அவள் கேள்வி கேட்கக் கேட்கப் பயந்து ஓடுகிறார்கள். கடைசி ஆளின் தொப்பியை ஆடு தின்றுவிடுகிறது. கீழே இங்கிலீஷில் எழுத்து ஓடும். நான் அதைப் படித்து எல்லாருக்கும் சொல்லிக்கொண்டிருந்தேன்.

அக்கா அன்று கூடையை இறக்கிவைத்துவிட்டு எங்களோடு நின்று பார்த்தாள். தொப்பி போனதும் வாய்விட்டுச் சிரித்தாள், கண்ணில் தண்ணீர் வர. பிறகு, "மறுபடி போடு" என்றாள்.

இரண்டாவது தடவை அவள் சிரிக்கவில்லை.

"நடுவுல ஒரு பட்டணத்துப் பொண்ணு வந்தாளே, அவ தனக்கு ஒரு துணை வேணும்னு சொன்னப்போ பின்னாடி என்ன சத்தம் வந்துச்சு?"

"மியூசிக்" என்றேன்.

"இவ சொல்றப்போ?"

நான் அதுவரை கவனித்திருக்கவில்லை. கிராமத்துக்காரி ஆசையைச் சொல்ல வாயைத் திறக்கும்போதெல்லாம் ஆடு கத்தியது. ஒவ்வொரு முறையும் கத்தியது.

"அவ கால முதல்ல காட்டுறான், சேறோட. மூஞ்சி அப்புறம்தான் வருது. வாளியப் பாரு, காலி. காலி வாளிய எவளாவது இப்படி ஆட்டிக்கிட்டு மலையேறுவாளா? ஒரு நாள்கூட பால் கறக்காதவன் எடுத்திருக்கான்." திரையை விரலால் தொட்டாள். "நாப்பது ஆடு இருக்கு, பேசுறதுக்கு ஒரு ஆளு வேணும்னு சொல்றா. அதுல என்ன சிரிப்பு? அவ அசிங்கமா இருக்கான்னு இவங்க சிரிக்கல, புள்ள. இவளுக்கும் ஆச இருக்கேன்னு சிரிக்கிறாங்க."

கோ மினுக்கு நான் பர்மிய மொழியில் சொன்னேன். அது சும்மா காமெடிதானே என்றான் அவன்.

"எனக்கும் சிரிப்பு வந்துச்சே. அதான் கேக்குறேன்" என்றாள் அக்கா. கூடைகளை எடுத்துக்கொண்டு படியிறங்கிவிட்டாள்.

இதைக் கேட்ட பிறகாவது எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும். வரவில்லை. எங்கள் சர்ச்சில் கிறிஸ்துமஸ் சமயத்தில் இளையோர் நிகழ்ச்சி நடக்கும். பாட்டு, நாடகம், ஏதாவது தமாஷ். அந்த வருஷம் என் பங்குக்கு ஒன்று செய்ய வேண்டியிருந்தது. கிரேக்கப் படத்தின் சத்தத்தை எடுத்துவிட்டு நாங்களே குரல் கொடுத்தோம். எங்கள் பிள்ளைகளுக்குச் சுத்தத் தமிழ் ஓடாது, அதனால் தமிழும் பர்மிய மொழியும் கலந்த பேச்சு. கிராமத்துக்காரிக்கு நான் குரல். எந்தக் குரல் என்று சொல்லவேண்டியதில்லை. ஆடு கத்தும் இடத்திலெல்லாம் கோ மின் வாத்து மாதிரி கத்தினான்.

கேள்விகளையும் மாற்றினேன். அக்கா மாப்பிள்ளைகளிடம் கேட்க வைத்திருந்த மூன்று கேள்விகள் எனக்குத் தெரியும். நம்பித்தான் சொல்லியிருந்தாள். கோபம் வந்தால் என்ன செய்வீர்கள்? எனக்கு உடம்புக்கு முடியாமல் போனால் வாத்துக்கு யார் தீனி வைப்பது? என்னைப் பிடித்துப்போய் வந்தீர்களா, வேறு வழியில்லாமல் வந்தீர்களா? மூன்றையும் அப்படியே கிரேக்கத்துக்காரி வாயில் வைத்தேன். ஒவ்வொன்றுக்கும் ஒரு மாப்பிள்ளை ஓடினான், ஒரு வாத்து கத்தியது.

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை. யாரோ கேட்டார்கள், போனில் அனுப்பினேன். அவர் இன்னொருவருக்கு அனுப்பினார். ஒரு வாரத்தில் அது ஆற்றைத் தாண்டிக் கியாக்தானுக்கும் போய்விட்டது.

நான் அறியாத ஒன்று இருந்தது. அந்த மாதம்தான் அக்காவுக்கு ஒருவரைப் பிடித்திருந்தது. கியாக்தானில் ஆற்றுக்கு நடுவில் ஒரு பகோடா உண்டு. அதற்குப் படகு ஓட்டுகிற தமிழர் ஒருவர். மனைவி இறந்து ஆறு வருஷம், பிள்ளைகள் இல்லை. அக்கா அவர் படகில் நாலு தடவை போய்வந்திருக்கிறாள். சாமி கும்பிடவில்லை, மீனுக்குப் பொரி போடவில்லை. எதிரில் உட்கார்ந்து அவர் வேலை செய்வதைப் பார்த்தாள். படகில் ஏறும் வயதானவர்களுக்கு அவர் கையை நீட்டிக்கொண்டு நிற்பாராம். தானாகப் பிடித்து இழுக்கமாட்டாராம், அவர்கள் வந்து பிடிக்கும்வரை நீட்டியபடியே நிற்பாராம். அதைப் பார்த்துத்தான் தரகரை அனுப்பினாள். அவருடைய அண்ணிதான் அந்த வீட்டுக்குப் பெரியவர். தைப்பூசம் கழித்து வந்து பேசுகிறோம் என்று சொல்லியிருந்தார்கள்.

பிறகு அண்ணியிடமிருந்து ஆள் வந்தது. ஊரே போனில் வைத்துச் சிரிக்கிற பெண் எங்கள் வீட்டுக்கு வேண்டாம்.

இதெல்லாம் எனக்கு அந்தச் செவ்வாய்க்கிழமைதான் தெரிந்தது. அக்கா வழக்கம்போல நாலு மாடி ஏறி வந்தாள். மேஜை மேஜையாக முட்டை கொடுத்தாள். மஞ்சள் கருவைப் பற்றி ஒருவரையும் கேட்கவில்லை. கேப்டன் பதிலோடு காத்திருந்தவர் மெதுவாகத் தலையைக் குனிந்துகொண்டார். கடைசியாக என் முன்னால் வந்து நின்றாள்.

"நீங்க பேசுன படத்தப் போடு."

போனை எடுத்துக் கொடுத்தேன். முழுதும் பார்த்தாள். ஒருமுறை பார்த்து முடித்துவிட்டுக் கோ மினிடம் திரும்பினாள். "முட்டை போடுற வாத்து இப்படிக் கத்தாது. இது ஆண் வாத்து. கரகரன்னு அடித்தொண்டையில கத்துறது ஆணு" என்று பர்மிய மொழியில் சொன்னாள். கோ மின் எழுந்து நின்று கைகட்டிக் கேட்டுக்கொண்டான். சிரிக்க அவனுக்குத் தைரியம் இல்லை.

பிறகு என்னிடம், "நான் கேட்ட மூணுல எது சிரிப்பு, சொல்லு" என்றாள்.

நான் அழ ஆரம்பித்தேன். மன்னிப்புக் கேட்டேன். அக்கா அதைக் காதில் வாங்கவில்லை.

"அழுவாத. அழுதா பதில் வராது. எது சிரிப்பு?"

"ஒண்ணுமே இல்லக்கா."

"அப்போ ஏன் வச்ச?"

கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். நான் அத்தனை நாள் நடித்துக் காட்டிய அதே தோரணை. அதன் முன்னால் நிற்பது எப்படி இருக்கும் என்று எனக்கு அன்றுதான் தெரிந்தது. "எல்லாரும் சிரிக்கணும்னு ஆசையா இருந்துச்சுக்கா. நீ கேக்குற மாதிரி கேட்டா சிரிப்பாங்கன்னு தெரியும்" என்றேன். அது உண்மை. வேறு காரணம் தேடினேன், கிடைக்கவில்லை.

அவள் தலையை ஆட்டினாள். பதில் கிடைத்துவிட்டது என்பது அதற்கு அர்த்தம். திட்டவில்லை. அந்த வீட்டுச் சேதியை நாலு வாக்கியத்தில் சொல்லிவிட்டு, "கெளம்பு. அவர் முன்னாடி வந்து இது உன் கொரல்னு சொல்லணும்" என்றாள்.

கேப்டனிடம் லீவு கேட்டேன். கேட்டு முடிப்பதற்குள் "போ" என்றார்.

இருவரும் கியாக்தான் பஸ்ஸில் ஏறினோம். தன்லின் பாலம் தாண்டியதும், "எனக்குப் பயமா இருக்கு, புள்ள" என்றாள். அக்கா வாயிலிருந்து அந்தச் சொல்லை நான் அதற்குமுன் கேட்டதில்லை. "லாரிக்காரன் வேணாம்னு நான் சொன்னேன். மருந்துக்கடைக்காரர நான் விட்டுட்டு வந்தேன். இவர் வேணாம்னு சொன்னா எனக்குத் தாங்காது. இவர எனக்குப் புடிச்சிருக்கு."

"அப்போ இப்படி நேரா போய்க் கேக்கணுமாக்கா? தரகர அனுப்பலாமே" என்றேன்.

"சொன்னது அண்ணிதானே. அவர் என்ன சொல்றார்னு எனக்குத் தெரியாதே."

கரையில் படகு ஆட்களை ஏற்றிக்கொண்டிருந்தது. பொரிப் பொட்டலங்களோடு பத்துப் பன்னிரண்டு பேர், எல்லாரும் பர்மாக்காரர்கள். படகுக்காரர் கையை நீட்டிக்கொண்டு நின்றார். ஐம்பது வயது இருக்கும், வெயிலில் கறுத்த முகம். அக்காவைப் பார்த்ததும் நீட்டிய கை அப்படியே நின்றது. அவள் கரைச் சேற்றில் கால் வைத்து, அதைப் பிடித்து ஏறினாள். பின்னால் நான். மோட்டாரைக் கிளப்பிக்கொண்டு அவர் சுக்கானில் போய் உட்கார்ந்தார். அக்கா அவருக்கு நேர் எதிரில் உட்கார்ந்தாள்.

"இந்தப் பொண்ணுதான் அந்தப் படத்துக்குக் கொரல் குடுத்தது" என்றாள். மோட்டார் சத்தத்துக்கு மேலே கத்தித்தான் சொல்ல வேண்டியிருந்தது.

அவர் என்னைப் பார்த்தார். "என் குரல்தாங்கண்ணே. கேள்வி அக்காவோடது, கேலி என்னோடது. தப்பு என் பேர்ல" என்றேன். ஆற்றில் குதித்துவிடலாம் போல இருந்தது.

"படத்தப் பாத்தீங்களா?" என்று அக்கா கேட்டாள்.

"பாத்தேன்."

"சிரிச்சீங்களா?"

எதிரே ஒரு படகு வந்தது, அதற்கு வழிவிட்டு ஒதுக்கினார். அக்கா காத்திருந்தாள்.

"சிரிச்சேன்" என்றார்.

அவள் முகம் மாறவில்லை. புடவைத் தலைப்பைப் பிடித்திருந்த விரல்கள் மட்டும் இறுகின. "எதுக்குச் சிரிச்சீங்க?"

"ஆடு தொப்பியத் தின்னுச்சே, அதுக்கு."

"நான் கேட்டதுக்கு?"

"அதுக்குச் சிரிப்பு வரல. மொத ரெண்டு கேள்விக்கு எங்கிட்ட பதில் இருந்துச்சு. எனக்குக் கோவம் வந்தா பேசமாட்டேன், படகுல வந்து உக்காந்துடுவேன். வாத்துக்கு நான் தீனி வைப்பேன், அது ஒண்ணும் பெரிய வித்தையில்ல. மூணாவதுக்குத்தான் ரெண்டு நாள் யோசிச்சேன்."

என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு பர்மிய அம்மாள், கன்னத்தில் தனாக்கா மரப்பட்டையை அரைத்துப் பூசியவர், என் தொடையைத் தட்டினார். என்ன சண்டை என்று கேட்டார். படகு முழுக்க எங்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தது. நான் பர்மிய மொழியில் சொன்னேன். அக்கா கேட்டதை அவள் கேட்டபடி, அவர் சொன்னதை அவர் சொன்னபடி. ஒரு சொல்லைக் கூட்டவில்லை, குரலை மாற்றவில்லை. படகில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. முன்னால் இருந்த ஒரு ஆள் நன்றாகக் கேட்பதற்காகத் திரும்பி உட்கார்ந்தார்.

"உங்க அண்ணி வேணாம்னு சொல்லி அனுப்பினாங்க" என்றாள் அக்கா.

"தெரியும். எங்கிட்ட கேக்காம அனுப்பிட்டாங்க. மறுநாளே நான் உங்க வீட்டுக்கு வந்திருக்கணும். மூணாவதுக்குப் பதில் சரியா சொல்லணுமேன்னு தயங்கிட்டேன். எனக்குப் பேசத் தெரியாது."

"இப்போ சொல்லுங்க."

அவர் மோட்டாரை நிறுத்தினார். பகோடாவின் படித்துறைக்கு இன்னும் கொஞ்ச தூரம் இருந்தது, படகு தானாக மிதந்து போனது. சத்தம் அடங்கியதும் அவர் குரல் எல்லாருக்கும் கேட்டது.

"வேற வழி இருந்துச்சுங்க. அண்ணி ரெண்டு இடம் பாத்து வச்சிருந்தாங்க. நான்தான் வேணாம்னேன். நீங்க நாலு தடவ வந்து எதிர்ல உக்காந்தீங்க. அஞ்சாவது தடவ வருவீங்களான்னு தெனம் கரையப் பாத்தேன்."

அக்கா அடுத்துக் கேட்க ஒன்றும் இல்லாமல் உட்கார்ந்திருந்தாள். அவளை அப்படி நான் பார்த்ததே இல்லை. கண் நிறைந்து, கன்னத்தில் வழிந்தது. அதை அவள் துடைத்துக்கொள்ளவும் இல்லை, மறைக்கவும் இல்லை. நாற்பது தாண்டிய வயதில், சேற்றுக் காலோடு, பன்னிரண்டு பேர் பார்க்க ஒரு பெண் தன் ஆசைக்குப் பதில் வாங்கிக்கொண்டாள். படகில் எந்தச் சத்தமும் இல்லை.

நான் மெதுவாக அதையும் பர்மிய மொழியில் சொன்னேன். முன்னால் இருந்த ஆள், "நல்லது, நல்லது" என்றார். தனாக்கா பூசிய அம்மாள் அக்காவை வெகுநேரம் பார்த்தார்.

"யார் யாரைக் கேட்டது? அவரா, இந்தப் பெண்ணா?" என்று என்னிடம் கேட்டார்.

"இவள்தான் கேட்டாள்."

"உனக்கு இவள் யார்? கூடப் பிறந்தவளா?"

அவள் இந்து, நான் கிறிஸ்தவள். அவள் கியாக்தான், நான் யாங்கோன். வாரம் ஒருமுறை முட்டை வாங்கிய பழக்கம், அவ்வளவுதான். அதிலும் நான் அவளுக்குச் செய்தது துரோகம். ஆனாலும் அந்த அம்மாளிடம், படகில் இருந்த அத்தனை பேருக்கும் கேட்கிற மாதிரி, "ஆமாம், என் சொந்த அக்கா" என்றேன்.